கடை மூடினால் உரிமை தீருமா?

பிறருடைய பொருளில் அனுமதியின்றிக் கை வைக்கக் கூடாது என்பதை நம்மில் அறியாதவர் எவருமில்லை. அடுத்தவர் தோட்டத்து மாங்காயைக் கேளாமல் பறிப்பது தவறு என்று ஆறு வயதுப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால், அந்தத் தோட்டக்காரர் கதவைப் பூட்டிக்கொண்டு வெளியூர் போய்விட்டார். மாங்காய்களை அவர் விற்பதுமில்லை. நாம் எத்தனை பறித்தாலும் மரத்தில் ஒரு காயும் குறைவதில்லை என்று வைத்துக்கொள்வோம். அப்போது என்ன சொல்வது?

"இப்படியும் ஒரு மாமரம் உண்டா?" என்று கேட்பீர்கள். உண்டு. பழைய வீடியோ கேம்களைப் புதிய சிறு பெட்டிகளில் ஓட வைக்கும் எமுலேட்டர் என்னும் மென்பொருளைப் பற்றிய கேள்வி ஏறக்குறைய இதுவேயாகும். "ஹஜ்ரத், அந்தக் கம்பெனியே இப்போது அந்த விளையாட்டை விற்பதில்லை. நாங்கள் காப்பி எடுத்தால் யாருக்கு என்ன நஷ்டம்?" என்று இளைஞர்கள் கேட்கின்றனர். விளையாட்டுச் சமாச்சாரம்தானே என்று இதைத் தள்ளிவிட முடியாது. கேள்வி விளையாட்டைப் பற்றியது போல் தோன்றினாலும், அதன் வேர் அடியார்களின் உரிமையில், அதாவது ஹக்குல் இபாதில் போய் நிற்கிறது. ஆகவே சற்று நிதானமாக ஆராய்வோம்.

பொருள் இன்னதென அறிவோம்

ஒரு விஷயத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்லுமுன் அந்த விஷயம் என்னவென்று தெரிந்துகொள்ள வேண்டும் என்பது நம் ஆசிரியர்கள் கற்றுத் தந்த முதல் பாடம்.

ஜப்பானிய நிறுவனமான நின்டெண்டோ 1983-ஆம் ஆண்டு ஜூலையில் 'ஃபாமிலி கம்ப்யூட்டர்' என்ற விளையாட்டுப் பெட்டியை வெளியிட்டது. 1985-ல் அது 'நின்டெண்டோ என்டர்டெயின்மென்ட் சிஸ்டம்' என்ற பெயரில் அமெரிக்காவுக்குச் சென்றது. பெட்டியை டெலிவிஷனோடு இணைத்து, ஒரு கேசட்டைச் செருகி விளையாடுவது அதன் முறை. கேசட் என்று நாம் சொன்னாலும் அதில் நாடா எதுவும் கிடையாது. விளையாட்டு எழுதப்பட்ட சிப்புகள் அதனுள் இருக்கின்றன.

2016 நவம்பரில் அதே நிறுவனம் அந்தப் பழைய பெட்டியின் உருவத்தையே உள்ளங்கை அளவுக்குச் சுருக்கி மீண்டும் வெளியிட்டது. அமெரிக்காவில் விலை 60 டாலர். அதில் கேசட் செருக இடமில்லை. 30 விளையாட்டுகள் உள்ளேயே பதிக்கப்பட்டிருந்தன. அந்தச் சிறு பெட்டியைத் திறந்து பார்த்தவர்கள் கண்டது என்ன? 1983-ஆம் ஆண்டின் யந்திரம் அதில் இல்லை. இக்காலத்து மலிவான டாப்லெட்டுகளில் இருப்பது போன்ற ஒரு சிப்பும், 512 மெகாபைட் சேமிப்பும், லினக்ஸ் என்னும் இயக்க மென்பொருளும், நின்டெண்டோவின் பாரிஸ் நகரத்துக் கிளை எழுதிய ஓர் எமுலேட்டரும் இருந்தன.

எமுலேட்டர் என்பது, ஒரு யந்திரத்தைப் போலவே நடந்துகொள்ளும்படி வேறொரு யந்திரத்தைப் பழக்கும் மென்பொருள். பழைய சிப் ஒரு கட்டளைக்கு என்ன செய்திருக்குமோ அதையே புதிய சிப்பும் செய்யும்படி, ஒவ்வொரு கட்டளையாக மொழிபெயர்த்துக் கொடுக்கிறது. விளையாட்டுக்குத் தான் பழைய வீட்டில்தான் இருக்கிறோம் என்றே தோன்றும்!

2017 ஜனவரியில் ரஷ்ய நாட்டுப் புரோகிராமர் ஒருவர் 'ஹாக்சி 2' என்ற மென்பொருளை இலவசமாக வெளியிட்டார். யு.எஸ்.பி. வயர் மூலம் கம்ப்யூட்டரோடு இணைத்து, அந்தச் சிறு பெட்டியில் 30-க்கு மேலும் விளையாட்டுகளைச் சேர்க்க அது வழி செய்தது. 2017 செப்டம்பரில் 21 விளையாட்டுகளோடு 'சூப்பர் நின்டெண்டோ'வின் சிறு பெட்டி வந்தது. 2018 டிசம்பரில் சோனி நிறுவனம் 20 விளையாட்டுகளோடு 'பிளேஸ்டேஷன் கிளாசிக்' பெட்டியை வெளியிட்டது. இவையும் இவ்வாறே திறக்கப்பட்டன. விவகாரம் இவ்வளவுதான்.

மூன்று செயல்களைப் பிரித்தறிக

இதைப் பற்றி வாதிடுவோர் பெரும்பாலும் ஒரு தவறு செய்கின்றனர். மூன்று வெவ்வேறு செயல்களை ஒரே மூட்டையாகக் கட்டி, "எல்லாம் கூடும்" என்றோ "எல்லாம் திருட்டு" என்றோ சொல்லிவிடுகின்றனர். மூட்டையை அவிழ்த்துப் பார்ப்போம்.

முதலாவது, எமுலேட்டரை எழுதுவதும் பயன்படுத்துவதும். ஒரு கம்பெனியின் ஒலிநாடாவை வேறொரு கம்பெனியின் டேப் ரிகார்டரில் போட்டுக் கேட்பதை யாராவது குறை சொன்னதுண்டா? நாடா உங்களுடையது, டேப் ரிகார்டரும் உங்களுடையது. அவ்வாறே, ஒரு யந்திரம் எப்படி வேலை செய்கிறது என்பதை ஆராய்ந்து, அதே வேலையைச் செய்யும் மற்றொன்றைத் தம் உழைப்பால் ஒருவர் உண்டாக்கினால் அது திருட்டாகாது. கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் பிளேஸ்டேஷன் விளையாட்டுகளைக் கம்ப்யூட்டரில் ஓட வைக்கும் மென்பொருளை 1999-ல் விற்றபோது சோனி வழக்குத் தொடுத்தது. அவ்வாறு ஆராய்வது நியாயமான பயன்பாடே என்று 2000-ஆம் ஆண்டில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று தீர்ப்பளித்தது.

இதில் ஒரு வேடிக்கையையும் கவனியுங்கள். எமுலேட்டருக்கு எதிராக நீதிமன்றம் ஏறிய அதே சோனி, 2018-ல் தன் சிறு பெட்டிக்கு எமுலேட்டர் தேவைப்பட்டபோது 'பி.சி.எஸ்.எக்ஸ். ரீஆர்ம்ட்' என்பதைத்தான் எடுத்துக்கொண்டது. ஆர்வலர்கள் உழைத்து, யாரும் பயன்படுத்தலாம் என்ற உரிமத்தோடு பொதுவில் வைத்த மென்பொருள் அது. உரிமம் அனுமதித்ததால் சோனி செய்ததில் குற்றமில்லை. ஆனால், எமுலேட்டர் என்ற கலையே கள்ளர்களின் கலை என்று இனி எவரும் சொல்வதற்கில்லை.

ஒரு நிபந்தனையை மட்டும் மறந்துவிடக் கூடாது. சில பெட்டிகளில், இயங்கத் தொடங்குவதற்காகவே உற்பத்தியாளர் எழுதிப் பதித்த சிறு மென்பொருள் உண்டு. எமுலேட்டர் தானாக எழுதப்பட்டதாயினும் இந்தப் பகுதி உற்பத்தியாளரின் எழுத்தே. அதைப் பிறரிடமிருந்து காப்பி வாங்குவது எமுலேட்டர் என்ற பெயருக்குள் ஒளிந்துகொள்ள முடியாது.

இரண்டாவது, தாம் வாங்கிய பெட்டியைத் திறந்து மாற்றியமைப்பது. விலை கொடுத்து வாங்கிய பொருள் வாங்கியவருக்கே சொந்தம். வாங்கிய சட்டையைத் தைத்துச் சிறிதாக்குவதற்குத் தையற்கடைக்காரரின் முதலாளியிடம் யாரும் அனுமதி கேட்பதில்லை. பெட்டி கெட்டுப்போனால் கம்பெனி பொறுப்பேற்காது. அந்த நஷ்டம் தம்மோடு போகட்டும். ஆனால், மாற்றியமைத்த பெட்டியைப் பிறருக்கு விற்பவர் அதை வெளிப்படையாகச் சொல்லியாக வேண்டும். பொருளின் குறையை மறைத்து விற்பது எந்தச் சந்தையிலும் மோசடியே.

மூன்றாவதுதான் சிக்கல். பெட்டிக்குள் எதைச் சேர்க்கிறோம்? விளையாட்டுகளை. அவை யாருடையவை?

விளையாட்டின் உரிமை

தாம் பணம் கொடுத்து வாங்கிய கேசட் ஒருவரிடம் இருக்கிறது. அதற்கென உள்ள கருவியால் அதிலிருப்பதை ஒரு கோப்பாகப் படித்தெடுத்து, தம் பெட்டியில் தாம் மட்டும் பயன்படுத்துகிறார். இதில் ஒழுக்கக் குறை ஏதும் எனக்குத் தெரியவில்லை. நம் நாட்டின் 1957-ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டத்தின் 52-ஆவது பிரிவும், முறையாகப் பெற்ற சொந்தப் பிரதியிலிருந்து வியாபார நோக்கமின்றித் தம் உபயோகத்துக்காகக் கம்ப்யூட்டர் மென்பொருளைக் காப்பி எடுப்பதை உரிமை மீறலாகக் கருதுவதில்லை. 1999-ல் செய்யப்பட்ட திருத்தம் இது.

அடுத்து, இன்றும் கடையில் விற்கும் விளையாட்டு. இதிலும் சிக்கல் இல்லை. விற்கிற பொருளை விலை கொடாமல் எடுப்பவருக்கு ஆயிரம் விளக்கங்கள் இருக்கலாம். அவற்றில் ஒன்றும் விலையாகாது. இந்த வகையில் எமுலேட்டர் எழுதுவோரும் சிக்கிக்கொள்வதுண்டு. அப்போது கடையில் விற்றுக்கொண்டிருந்த நின்டெண்டோ ஸ்விட்ச் பெட்டிக்கு 'யூசு' என்ற எமுலேட்டரை நடத்தியவர்கள் மீது நின்டெண்டோ வழக்குத் தொடுத்தது. 2024 மார்ச்சில் 24 இலட்சம் டாலர் தருவதாக ஒப்புக்கொண்டு அவர்கள் அதை நிறுத்தினர்.

எழுத்துக்கும் கண்டுபிடிப்புக்கும் மார்க்கத்தில் உரிமை என்று ஒன்று உண்டா என்று சிலர் ஐயுறுகின்றனர். முற்காலத்து உலமாக்களின் முன் இந்த மஸ்அலா இவ்வடிவில் வரவில்லை. எனினும் 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹ் அகாடமி, நூலாசிரியரின் உரிமையும் கண்டுபிடித்தவரின் உரிமையும் மார்க்கத்தால் பாதுகாக்கப்பட்டவையே, அவற்றை மீறலாகாது என்று தீர்மானித்துள்ளது. எனவே, தொட்டுப் பார்க்க முடியாத பொருள்தானே என்ற வாதம் நமக்கு உதவாது.

இனி எஞ்சியிருப்பது, விற்பனை நின்றுபோன விளையாட்டு. பூட்டிய தோட்டத்து மாமரம் இதுதான்.

விற்கப்படாத பொருள்

இளைஞர்களின் வாதத்தை முதலில் நேர்மையுடன் கேட்போம். அதில் உண்மை நிறையவே இருக்கிறது.

2010-க்கு முன் அமெரிக்காவில் வெளியான விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று கடையில் கிடைப்பதில்லை என்று, வீடியோ கேம் வரலாற்றைப் பாதுகாக்க அங்கு இயங்கும் ஓர் அறக்கட்டளை 2023-ல் ஆராய்ந்து வெளியிட்டது. கம்பெனிகள் தாமே திறந்த கடைகளும் நிலைப்பதில்லை. பழைய விளையாட்டுகளை விற்றுவந்த நின்டெண்டோவின் வீ கடை 2019 ஜனவரியில் மூடப்பட்டது. அதன் பின்வந்த இரண்டு பெட்டிகளுக்கான கடைகள் 2023 மார்ச்சில் விற்பனையை நிறுத்தின. பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு வாங்க வருபவரிடம் "விற்பதற்கில்லை" என்று சொல்லும் கடையாகி விட்டது.

இதைவிடக் கடுமையான ஓர் உதாரணமும் உண்டு. ஜப்பானில் 1995 முதல் 2000 வரை 'சாட்டலாவியூ' என்ற சாதனத்தின் மூலம் விளையாட்டுகள் செயற்கைக்கோள் வழியாக ஒலிபரப்பப்பட்டன. வீட்டிலிருந்தோர் அவற்றை ஒரு சிறு நினைவுச் சில்லில் சேமித்தனர். அடுத்த விளையாட்டு வந்ததும் முன்னதை அழித்து எழுதினர். ஒலிபரப்பு நின்றபின், கடையில் ஒருபோதும் விற்கப்படாத அந்த விளையாட்டுகள் பல, யாரோ ஒருவர் அழிக்காமல் விட்ட சில்லில் மட்டுமே எஞ்சின. ஆர்வலர்கள் அந்தப் பழைய சில்லுகளைத் தேடி விலைக்கு வாங்கி, படித்தெடுத்து, எமுலேட்டரில் ஓடச் செய்திராவிட்டால் அவை உலகத்திலிருந்தே மறைந்திருக்கும். இது திருட்டு என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. எரியும் வீட்டிலிருந்து பிறருடைய புத்தகத்தை வெளியே எடுத்து வருபவரைத் திருடர் என்று யார் சொல்வார்?

ஆனால் சகோதரர்களே! எரியும் வீட்டிலிருந்து புத்தகத்தை எடுத்து வருவது வேறு. எடுத்து வந்ததைத் தம் அலமாரியில் வைத்துப் பூட்டிக்கொள்வது வேறு. இந்த வேறுபாட்டில்தான் முழு விஷயமும் அடங்கியிருக்கிறது.

ஃபிக்ஹு நூல்களில் 'லுக்தா' என்று ஒரு பாடம் உண்டு. வழியில் கண்டெடுத்த பொருளைப் பற்றியது. அதை எடுத்தவர் ஓராண்டு காலம் அறிவித்து உரியவரைத் தேட வேண்டும். அதன்பின் தாமே பயன்படுத்தலாமா, தர்மம் செய்துவிட வேண்டுமா என்பதில் மத்ஹபுகளிடையே விரிவான விளக்கம் உண்டு. ஆனால், உரியவர் பின்னர் வந்து கேட்டால் அவருக்குரியதை அவருக்குத் தந்தாக வேண்டும் என்பதே பொதுவான அடிப்படை. பொருள் கீழே விழுந்ததால் உரிமையும் விழுந்துவிடுவதில்லை. காலம் கடந்ததால் எடுத்தவர் உடைமையாளரின் இடத்துக்கு உயர்ந்துவிடுவதுமில்லை.

இதை நம் விஷயத்தோடு ஒப்பிடுவோம். பழைய விளையாட்டுகளில் ஒரு பகுதிக்கு உரியவர் யாரென்றே தெரியாது. எழுதிய கம்பெனி எப்போதோ மூடப்பட்டது. அதன் உரிமைகள் யாருக்குப் போயின என்பதற்கு ஏடு இல்லை. இது ஏறக்குறைய லுக்தாவைப் போன்றது. தேடிப் பார்த்து, உரியவர் கிடைக்காதபோது, வந்தால் ஒப்படைக்கும் எண்ணத்தோடு ஒருவர் அதைக் காத்துப் பயன்படுத்துவதில் நான் கடுமை காட்ட மாட்டேன்.

ஆனால், மிகப் பலரும் தேடித் தேடிக் காப்பி எடுப்பவை இவையல்லவே! மாரியோவின் உரிமையாளர் யார் என்பது உலகுக்கே தெரியும். அவர் காணாமல் போகவில்லை. சில விளையாட்டுகளை இப்போது விற்கவில்லை, அவ்வளவே. விற்காதிருப்பதும் உடைமையாளரின் உரிமைகளில் ஒன்றாகும். நம் வீட்டில் பத்தாண்டுகளாகப் பூட்டிக் கிடக்கும் அறையை, "நீங்கள்தான் உபயோகிக்கவில்லையே" என்று சொல்லி அடுத்த வீட்டார் குடியேறினால் ஒப்புக்கொள்வோமா?

"அவர்கள் கைவிட்டுவிட்டார்கள்" என்று நாம் சொல்வது பல சமயங்களில் வெறும் யூகமே. 'ஸ்டார் ஃபாக்ஸ் 2' என்ற விளையாட்டை எண்ணிப் பாருங்கள். 1990-களின் நடுவில் எழுதி முடிக்கும் நிலைக்கு வந்தபின் நின்டெண்டோ அதை வெளியிடாமல் நிறுத்திவிட்டது. இனி வராது என்றே எல்லோரும் முடிவு கட்டினர். முற்றுப்பெறாத ஒரு பிரதி எப்படியோ வெளியே கசிந்து, எமுலேட்டர்களில் ஆண்டுக் கணக்கில் சுற்றிவந்தது. இருபதாண்டுகளுக்கு மேலான பிறகு, 2017-ல் அந்த விளையாட்டை நின்டெண்டோ தன் சிறு பெட்டியில் முறையாகச் சேர்த்து விற்றது! தோட்டக்காரர் திரும்பி வந்துவிட்டார். பூட்டிக் கிடந்தது கைவிடப்பட்டது என்று சொன்னவர்களின் பதில் என்ன?

உடைமையாளரின் கடமை

இத்தனையும் சொன்னதால், கம்பெனிகளின் பக்கம் நான் சாய்ந்துவிட்டதாக எவரும் எண்ண வேண்டாம். உரிமை உள்ள இடத்தில் கடமையும் உண்டு.

அமெரிக்கச் சட்டப்படி, ஒரு கம்பெனிக்காக எழுதப்பட்டு வெளியான படைப்பின் உரிமை வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டுகள் நீடிக்கிறது. 1985-ல் வெளியான 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' 2080-ஆம் ஆண்டு முடியும் வரை அவர்களுடையதே. அதை எழுதியோர் மட்டுமல்ல, அதை விளையாடிய பிள்ளைகளிலும் பலர் அன்று உயிரோடிருக்க மாட்டார்கள். விற்கவும் மாட்டோம், பிறர் காக்கவும் விடமாட்டோம் என்று ஒரு தலைமுறையின் கைவேலையை இருட்டறையில் வைத்திருப்பது சட்டப்படி குற்றமாகாமல் இருக்கலாம், பெருந்தன்மை ஆகுமா? நூலகங்களும் ஆவணக் காப்பகங்களும் தம்மிடமுள்ள பழைய விளையாட்டுகளை ஆராய்ச்சியாளர்கள் தொலைவிலிருந்து பயன்படுத்த அனுமதிக்கக் கோரியபோது, 2024 அக்டோபரில் அமெரிக்கக் காப்புரிமை அலுவலகம் அதை மறுத்துவிட்டது. விளையாட்டுக் கம்பெனிகளின் சங்கமும் அந்தக் கோரிக்கையை எதிர்த்தது. இதில் நியாயம் நூலகங்களின் பக்கமே இருக்கிறது என்பது என் கருத்து. ஒரு காலத்து மனிதர்கள் எதைச் செய்தார்கள், எதில் மகிழ்ந்தார்கள் என்பதை அறிய விரும்பும் மாணவரின் முன் கதவை அடைப்பதால் உடைமையாளருக்கு ஒரு காசும் இலாபமில்லை.

ஆனாலும், இன்னொருவர் தம் கடமையில் தவறுவது நமக்கு அவருடைய பொருளில் உரிமையை உண்டாக்கித் தராது. பசியால் உயிர் போகும் நிலையில் பிறர் உணவை உண்ணலாம் என்ற சலுகை உண்டு. விளையாட்டு கிடைக்காததால் எவருடைய உயிரும் போனதில்லை. நிர்ப்பந்தம் இல்லாத இடத்தில் நிர்ப்பந்தத்தின் சட்டத்தைக் கொண்டுவர முடியாது.

"அந்தப் பணம் எழுதிய தொழிலாளிக்கா போகிறது? முதலாளிக்குத்தானே!" என்று மற்றொரு வாதமும் உண்டு. தொழிலாளி தம் உழைப்பைக் கூலிக்கு ஒப்படைத்தார். உரிமை முறைப்படி கைமாறியது. அந்தக் கூலி போதாது என்று நமக்குத் தோன்றினால் அவருக்காகக் குரல் கொடுக்கலாம். அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு நாம் எடுத்துக்கொள்வது அவருக்கு எந்த விதத்தில் உதவி?

நஃப்ஸின் தந்திரம்

இந்த விஷயத்தில் என்னைப் பெரிதும் சிந்திக்க வைப்பது வேறொன்று. நல்ல சொற்களைக் கொண்டு நம் உள்ளமே நம்மை ஏமாற்றும் வித்தை அது.

'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' முழுவதும் 40 கிலோபைட் அளவுதான். இன்று நம் கைபேசியில் எடுக்கும் ஒரே ஒரு புகைப்படம் அதைப் போல் பல மடங்கு பெரியது. நகத்தளவு மெமரி கார்டில் ஒரு பெட்டிக்கு வெளிவந்த விளையாட்டுகள் அத்தனையையும் அடைத்துவிடலாம். பொருள் இவ்வளவு இலேசாகிவிட்டபோது, அதை எடுக்கும் செயலும் இலேசாகத் தோன்றுகிறது. ஒரு கடையிலிருந்து 700 கேசட்டுகளைச் சாக்கில் கட்டித் தூக்கிவர ஒருவரும் துணிய மாட்டார். ஒரு பொத்தானை அழுத்துவதற்கு எவருடைய கையும் நடுங்குவதில்லை. பின்னர், "ஏன் செய்தீர்?" என்று கேட்டால், "பாதுகாப்பதற்காக" என்று பதில் வருகிறது.

பாதுகாப்பவர் யார் என்று பாருங்கள். அவர் பழைய கேசட்டுகளைத் தேடி விலை கொடுத்து வாங்குகிறார். ஒவ்வொன்றையும் படித்தெடுத்து, எடுத்தது பிழையின்றி இருக்கிறதா என்று வேறொருவர் எடுத்ததோடு ஒத்துப்பார்க்கிறார். எந்த நாட்டில் வெளியானது, எத்தனையாவது பதிப்பு என்று குறித்து வைக்கிறார். பழைய சுவடிகளைப் பிரதியெடுத்து, மூலத்தோடு ஒப்புநோக்கிச் சரிபார்த்தவர்களின் உழைப்புக்கு ஒப்பானது இது. இத்தகையோர் உலகில் பலர் இருக்கின்றனர். அவர்களை நான் மதிக்கிறேன். ஆனால், பதினாயிரம் விளையாட்டுகளைப் பெட்டியில் நிரப்பி, அதில் ஒன்றையும் முழுதாக விளையாடாமல், ஒன்றின் வரலாற்றையும் அறியாமல், "நானும் பாதுகாக்கிறேன்" என்பவர் எதைப் பாதுகாக்கிறார்? தம் ஆசையை மட்டுமே. சொல் ஒன்றுதான், நிய்யத் இரண்டு.

மேலும், 30 விளையாட்டுகள் உள்ள பெட்டி கிடைத்த பிள்ளை அதில் ஒன்றையாவது கடைசி வரை ஆடித் தீர்க்கும். பதினாயிரம் உள்ள பெட்டி கிடைத்த பிள்ளை பட்டியலைத் தள்ளிக்கொண்டே இருந்துவிட்டு எழுந்து போகும். அளவின்றிச் சேர்ப்பவருக்குச் சேர்த்ததன் சுவையும் கிடைப்பதில்லை. நேரமும் ஓர் அமானிதம் என்பதைப் பெற்றோர் இங்கே நினைவில் கொள்வது நல்லது.

வியாபாரிகளின் நிலை

இவர்கள் எல்லோரையும்விடக் கடுமையான நிலை வியாபாரம் செய்பவருடையது. ஆயிரக்கணக்கான விளையாட்டுகள் நிரப்பப்பட்ட மெமரி கார்டோடு சிறு பெட்டிகள் இன்று சந்தையில் தாராளமாக விற்கின்றன. தமக்குச் சொந்தமில்லாததை விற்கக் கூடாது என்பது வியாபாரச் சட்டத்தின் அரிச்சுவடி. இந்த விற்பனையாளர் விளையாட்டின் உடைமையாளருக்கு மட்டும் அநீதி செய்யவில்லை. எமுலேட்டரை எழுதிய ஆர்வலருக்கும் அநீதி செய்கிறார். உதாரணமாக, 'எஸ்னெஸ் 9 எக்ஸ்' என்ற புகழ்பெற்ற எமுலேட்டரை எழுதியவர்கள், சொந்த உபயோகத்துக்கு இலவசம், வியாபாரத்துக்குக் கூடாது என்று தெளிவாக நிபந்தனை விதித்துள்ளனர். தம் ஓய்வு நேரத்தைச் செலவிட்டுக் கூலி பெறாமல் அவர்கள் எழுதியதைப் பெட்டியில் போட்டு விற்பவர் ஒரே விற்பனையில் இரண்டு பேரின் உரிமையை விழுங்குகிறார்.

"எல்லோரும் செய்கிறார்களே" என்று இதற்குச் சமாதானம் சொல்வர். 1990-களில் நம் ஊர்களில் 'டிவி கேம்' என்று விற்ற பெட்டிகளும் நின்டெண்டோ பெட்டியின் நகல்களாகவே பெரும்பாலும் இருந்தன. ஒரே கேசட்டில் நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் என்று அட்டையில் அச்சிட்டிருக்கும். போட்டுப் பார்த்தால் அதே சில விளையாட்டுகள் பெயர் மாறித் திரும்பத் திரும்ப வரும்! அசல் எது, நகல் எது என்று வாங்கிய பெற்றோருக்கும் தெரியாது. விளையாடிய பிள்ளைக்கும் தெரியாது. அறியாதவரின் நிலை வேறு. இன்று அசல் எதுவென்று இளைஞர்களுக்குத் தெரிகிறது. அதைச் செய்த கம்பெனியின் பெயரும் ஆண்டும் அவர்களுக்கு மனப்பாடம். அறிந்தபின் அறியாதவரின் சலுகையைக் கேட்கலாமா?

சுருக்கமாகச் சில வழிகள்

இதுவரை சொன்னது ஃபத்வா அன்று. ஆலிம்களும் சட்டம் அறிந்தோரும் சிந்திப்பதற்காக வைக்கும் கருத்து. இளைஞர்களின் வசதிக்காக அதன் சாரத்தை இங்குத் தொகுத்துத் தருகிறேன்.

1. எமுலேட்டரை எழுதுவதும், கற்பதும், பயன்படுத்துவதும் தம்மளவில் குற்றமல்ல. அது ஓர் அரிய கலை.

2. தாம் வாங்கிய பெட்டியைத் தாம் மாற்றியமைக்கலாம். விற்கும்போது மாற்றத்தை மறைக்கக் கூடாது.

3. தம்மிடமுள்ள கேசட்டிலிருந்து தமக்காக எடுக்கும் பிரதி நேர்மையானது. கேசட்டைப் பிறருக்கு விற்றால் அந்தப் பிரதியையும் அழித்துவிடுவதே முறை. பொருளை விற்றபின் அதன் நிழலை வைத்துக்கொள்வது சரியல்ல.

4. இன்று முறையாக விலைக்குக் கிடைக்கும் விளையாட்டை விலை கொடுத்தே பெற வேண்டும். வசதியில்லையெனில் பொறுத்திருக்க வேண்டும்.

5. உரியவர் யாரென்றே தெரியாமல் அழியும் நிலையில் உள்ளதைக் காப்பவர், ஒப்படைக்கும் எண்ணத்தோடு காக்கட்டும். உரியவர் தெரிந்திருந்து, அவர் விற்காமல் இருக்கும் விளையாட்டில் அவருடைய மௌனத்தை அனுமதியாகக் கொள்ளாமலிருப்பதே பேணுதல்.

6. விளையாட்டுகளை நிரப்பி விற்பதும், அவ்வாறு நிரப்பியதென்று தெரிந்தே வாங்குவதும் அறவே கூடாது.

ஐயம் எழும்போது பயன்படுத்த எளிய உரைகல் ஒன்றுண்டு. அந்த விளையாட்டை உண்டாக்கியவர் இப்போது உங்கள் வீட்டு வாசலில் வந்து நின்று, "இது உங்களிடம் எப்படி வந்தது?" என்று கேட்கிறார் என எண்ணிக்கொள்ளுங்கள். பெட்டியை எடுத்து வந்து மகிழ்ச்சியோடு அவரிடம் காட்டத் தோன்றுகிறதா? அலமாரிக்குள் மறைக்கத் தோன்றுகிறதா? காட்டத் தோன்றினால் பெரும்பாலும் அதில் குற்றமிராது. மறைக்கத் தோன்றினால், எந்த முஃப்தியிடமும் போகுமுன்பே உங்கள் உள்ளம் தீர்ப்பைச் சொல்லிவிட்டது.

அறிவியல் வளர வளர, பிறர் பொருள் நம் கைக்கு எட்டும் தூரம் குறைந்துகொண்டே வருகிறது. எட்டுவதெல்லாம் நமதல்ல என்ற உணர்வு அந்த அளவுக்கு நம்மிடம் வளர வேண்டும். யாரும் காணாத இடத்திலும் பிறர் உரிமையைப் பேணும் நேர்மையை வல்ல நாயன் நம் இளைஞர்களுக்கும் நமக்கும் அருள்வானாக!